முயல்வேலியும் முள்வேலியும்

ஒரு நூலுக்குத் திறனாய்வு எழுதித் தருவதாக வாக்களித்திருந்தேன். நூலை ஒரே இரவில் படித்து முடித்தேன். எழுதுவதற்கோ ஒரு திங்கள் பிடித்தது. நூல் கடினமானது என்பதால் அன்று. அதன் பக்கங்களுக்கிடையே எனது கையொப்பத்தைக் கண்டுவிட்டேன் என்பதால்! அது எங்ஙனம் என்பதைப் பின்னர்க் கூறுகிறேன். முதலில் நூல்.

மேற்கு ஆஸ்திரேலியாவின் பாலைவெளியில் ஜிகலாங் என்றோர் ஊர். வெள்ளையர் அந்நாட்டிற்குக் கொண்டுவந்த முயல்கள் பல்கிப் பெருகிப் பயிரை அழித்தன. அவற்றைத் தடுத்து நிறுத்த, வடகோடி முதல் தென்கோடி வரை கம்பிவேலி ஒன்றை அரசு எழுப்பிற்று. 1907-இல் கட்டி முடிக்கப்பட்ட அவ்வேலியின் நீளம் 1,800 கிலோமீட்டருக்கும் மேல். முயலை நிறுத்தும் வலிமை அவ்வேலிக்கு இல்லாது போயிற்று. ஆயினும், 1931-ஆம் ஆண்டில், மூன்று சிறுமியருக்கு அதுவே வழித்துணையாயிற்று.

மோலி, டெய்சி, கிரேசி என்பன அவர்தம் பெயர்கள். பழங்குடித் தாய்மாருக்கும் வெள்ளைத் தந்தையருக்கும் பிறந்தவர்கள். மூத்தவளான மோலிக்கு வயது 14. காவலன் வந்தான், ஆணை என்றான், தாய்மார் கதறக் கதறப் பிள்ளைகளைக் கொண்டு சென்றான். 1918-இல் நிறுவப்பட்ட மூர் ஆற்றுக் குடியிருப்பில் அவர்கள் அடைக்கப்பட்டனர். சிறுமியர் தப்பினர். வேலியைக் கண்டுபிடித்தால் வீட்டைக் கண்டுபிடிக்கலாம் என்பதை மோலி அறிந்திருந்தாள். ஏறத்தாழ 1,600 கிலோமீட்டர் தொலைவை ஒன்பது வாரங்களில் கால்நடையாகவே கடந்தனர். இடைவழியில் கிரேசி பிடிபட்டாள். மற்ற இருவரும் தாய்மடி சேர்ந்தனர்.

இதுதான் டோரிஸ் பில்கிங்டன் கரிமாரா 1996-இல் எழுதி வெளியிட்ட நூலின் கதை. ‘முயல்வேலியைத் தொடர்ந்து’ என அதன் பெயரைத் தமிழில் சொல்லலாம். மோலியின் மகளே நூலாசிரியர். 2002-இல் பிலிப் நாய்ஸ் என்னும் இயக்குநர் இதனைத் திரைப்படமாக்கினார், உலகெங்கும் மக்கள் கண்டனர், கண்ணீர் வடித்தனர்.

நூலின் நடையைப் பற்றி ஒரு சொல். தொடக்க இயல்கள் பாடநூல் போலிருக்கின்றன. வெள்ளையர் வருகை, நிலம் பறிபோன கதை என்று வரிசையாக வருபவற்றைப் படிக்கையில், சிறுமியர் எப்போது வருவர் என்று மனம் அலைகிறது. வருணனை குறைவு. அழ வேண்டிய இடத்தில் ஆசிரியர் அழுவதில்லை. ‘நடந்தனர், பசித்தது, முயலைப் பிடித்துத் தின்றனர்’ என்று சொல்லிச் செல்கிறார். முதலில் இதனைக் குறை என்றே குறித்துவைத்தேன். இரண்டாம் முறை படித்தபோது அக்குறிப்பை அடித்துவிட்டேன். நடந்தவளின் மகள், நடந்தவளின் வாயால் கேட்டு எழுதியது அது. தன் கால்வலியை அலங்காரமாகச் சொல்லும் வழக்கம் நடந்தவர்க்கு இல்லை.

நூலின் உயிர்நிலை வேறோரிடத்தில் இருக்கிறது. அலுவலகக் கடிதங்களையும் தந்திகளையும் ஆசிரியர் கதையின் இடையிடையே எடுத்து வைக்கிறார். 1905-ஆம் ஆண்டுச் சட்டம் என்ன சொல்லிற்று? பதினாறு வயது வரை, பழங்குடிக் குழந்தை ஒவ்வொன்றிற்கும் சட்டப்படியான காப்பாளர் ‘தலைமைப் பாதுகாவலர்’ என்னும் அரசு அலுவலரே என்றது. பெற்றவள் இருக்கிறாள், பாலூட்டியவள் இருக்கிறாள், பாட்டி இருக்கிறாள். இவர்களுள் எவரும் காப்பாளர் அல்லர். பெர்த் நகரில் மேசைமுன் அமர்ந்திருப்பவரே காப்பாளர்! 1915 முதல் 1940 வரை அம்மேசையில் அமர்ந்திருந்தவர் நெவில் என்பவர். அக்கடிதங்களில் ஆத்திரம் இல்லை, அச்சுறுத்தல் இல்லை. பயணச் செலவு எவ்வளவு, எந்தக் கப்பல், யார் துணை என்பனவே உள்ளன. எல்லாம் பணிவான நடை; எல்லாம் பிள்ளைகளின் நலனுக்காக!

இங்கேதான் திரைப்படம் நூலுக்குக் கீழே நிற்கிறது. படம் அழகானது; அந்தச் சிறுமியரின் முகங்களை எளிதில் மறக்கவியலாது. ஆனால் படம் நமக்கு ஒரு கொடியவனைக் கொடுத்துவிடுகிறது. நெவிலாக நடித்தவர் திறமையான நடிகர். அவரை வெறுப்பது நமக்கு எளிதாகிவிடுகிறது. ‘இத்தகைய கல்நெஞ்சன் நான் அல்லேன்’ என்ற நிறைவோடு வீடு திரும்புகிறோம். நூலோ அந்த ஆறுதலைத் தருவதில்லை. ஒரு தனிமனிதனின் தீமை அன்று இது. நல்லவர்கள் நல்ல கையெழுத்தில் எழுதிய கோப்பு என்கிறது. கொடியவனைக் காட்டும் கலை நம்மை அழவைத்து அனுப்புகிறது. கோப்பைக் காட்டும் கலை, நம் மேசையில் என்ன கோப்பு இருக்கிறது என்று பார்க்கவைக்கிறது.

இன்னொன்று. பிள்ளைகள் வீடு சேர்ந்தனர் என்பதை வெற்றி முழக்கமாகக் கொண்டு கைதட்டுவோர்க்கு, பின்கதை தெரியவேண்டும். 1940-இல் மோலி தன் இரு பெண் குழந்தைகளுடன் மீண்டும் மூர் ஆற்றுக்குக் கொண்டு செல்லப்பட்டார். 1941-இல் கைக்குழந்தையைச் சுமந்துகொண்டு மீண்டும் தப்பினார். மூத்த மகளைச் சுமக்க இயலவில்லை, விட்டுச் சென்றார். தூக்கிச் சென்ற குழந்தையையும் சில ஆண்டுகளில் அரசு எடுத்துக்கொண்டது. விடப்பட்ட மூத்த மகள்தான் இந்நூலாசிரியர் டோரிஸ். தாயை அவர் மறுபடி கண்டது 1962-இல். இடைப்பட்ட இருபதாண்டுகளில், தம் இனத்தார் இழிந்தவர் என்றும் தம் வழக்கங்கள் தீயவை என்றும் நம்பும்படியே வளர்க்கப்பட்டார். உணவு கொடுத்தனர், உடை கொடுத்தனர், எழுத்தும் கொடுத்தனர். எல்லாவற்றோடும் சேர்த்து, பெற்ற தாயைக் கண்டு நாணும் மனத்தையும் கொடுத்தனர்! அந்த எழுத்தைக் கொண்டே அந்த நாணத்தை அவர் வென்றார் என்பதுதான் இந்நூலின் பெருமை.

ஒரு மோலியின் கதையா இது? 1997-இல் அந்நாட்டு மனித உரிமை ஆணையம் ‘அவர்களை வீட்டிற்குக் கொண்டுவருதல்’ என்ற பெயரில் அறிக்கை வெளியிட்டது. 1910-க்கும் 1970-க்கும் இடையே பழங்குடிக் குழந்தைகளுள் பத்தில் ஒருவர் முதல் மூவரில் ஒருவர் வரை பிரித்தெடுக்கப்பட்டனர் என்றது. 2008 பிப்ரவரி 13 அன்று தலைமை அமைச்சர் கெவின் ரட் நாடாளுமன்றத்தில் மன்னிப்புக் கேட்டார். ஆயினும் இன்றும், அந்நாட்டுக் குழந்தைகளுள் ஏறத்தாழ நூற்றுக்கு ஆறு பேராக இருக்கும் பழங்குடிக் குழந்தைகள், அரசுப் பராமரிப்பில் வீட்டிற்கு வெளியே வாழும் குழந்தைகளுள் நூற்றுக்கு நாற்பதுக்கும் மேற்பட்டோராக இருக்கின்றனர்.

கனடாவில் ஏறத்தாழ 1,50,000 பழங்குடிக் குழந்தைகள் உறைவிடப் பள்ளிகளில் அடைக்கப்பட்டனர். 1920-இல் அங்கே அதனைக் கட்டாயமாக்கிய உயர் அலுவலர் டங்கன் காம்பெல் ஸ்காட் யார் தெரியுமோ? கவிஞர்! ஆம், அந்நாட்டார் போற்றிய கவிஞர். பாட்டெழுதும் கைதான் பிள்ளைகளைப் பறிக்கும் ஆணையிலும் கையொப்பமிட்டது. இலக்கியம் படித்தோம் என்பதாலேயே நெஞ்சம் கனிந்துவிடும் என்று நம்பும் நம்மனோர் இதனைக் குறித்துக்கொள்ளல் நன்று.

இனி அத்திப்பட்டுக்கு வருகிறேன்.

ஆஸ்திரேலியா எங்கே, அத்திப்பட்டு எங்கே என்பீர்கள். தொடர்வண்டியில் வந்து இறங்குங்கள், தோழர்களே! வட சென்னை அனல்மின் நிலையத்தின் புகைபோக்கிகள் கண்ணிற்படும். அப்பால் துறைமுகம், கிடங்குகள், சரக்கு வண்டிகளின் நீண்ட வரிசை. இவற்றிற்கிடையே கொசஸ்தலை ஆறும் எண்ணூர்க் கழிமுகமும். அந்நீரில் இடுப்பளவு இறங்கி, வலையின்றிக் கையாலேயே இறால் பிடிக்கும் மக்கள் இருக்கின்றனர். அவர்கள் இருளர். தமிழகத்தில் மிகவும் நலிவுற்ற பழங்குடியினர் என்று அரசு வகுத்துள்ள ஆறு பிரிவினருள் ஒருவர். 2011 கணக்கெடுப்பின்படி ஏறத்தாழ 1,90,000 பேர். திருவள்ளூர் மாவட்டத்தில் அவர்கள் மிகுதி. ஆற்றில் அனல் நிலையச் சாம்பல் கலந்ததும், அது பசுமைத் தீர்ப்பாயம் வரை வழக்காகச் சென்றதும் நாடறிந்த செய்தி. இறால் குறைந்தால் கூலி தேட வேண்டும். கூலி தேடினால் செங்கல் சூளை. சூளை என்றால் முன்பணம். முன்பணம் என்றால் குடும்பத்தோடு பெயர்ச்சி. பிள்ளையின் பெயருக்கு நேரே வருகைப் பதிவேட்டில் வெற்றுக் கட்டங்கள்.

அத்தகைய வெற்றுக் கட்டங்களுக்குரிய சிறுமி ஒருத்தி என் வகுப்பில் இருந்தாள். நான்காம் வகுப்பு. கணக்கில் சுட்டி. தாயும் தந்தையும் சூளைக்குப் போய்விட்டனர். பாட்டியிடம் விட்டுச் சென்றனர். பாட்டி சில நாள் அவளையும் கழிமுகத்திற்கு அழைத்துப்போவார். தொண்டு நிறுவனம் ஒன்றிலிருந்து வந்தவர்கள், நகருக்கு அப்பால் ஓர் இல்லம் இருக்கிறது, அங்கே சேர்த்துவிடலாம், பள்ளியிலிருந்து ஒரு கடிதம் மட்டும் வேண்டும் என்றனர். எழுதினேன். ‘இச்சிறுமி பெற்றோரின் பராமரிப்பின்றி, ஒழுங்கற்ற சூழலில் வளர்கிறாள். அவளது நலன் கருதி இல்லத்தில் சேர்த்தல் சாலச் சிறந்தது’ என்று எழுதினேன். ‘சாலச் சிறந்தது’ என்ற தொடர் நன்றாக அமைந்துவிட்டதென மகிழ்ந்தேன் என்பதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன்.

பெற்றோரைக் கேட்டீரா என்பீர்கள். தொலைபேசியில் கேட்டேன். தந்தை சொன்னார்: “நீங்க பாத்து செய்ங்க சார்.” அதனை இசைவு என்று எடுத்துக்கொண்டேன். வாத்தியாரிடம் ‘வேண்டாம்’ என்று சொல்லிப் பழகாதவரின் வாயிலிருந்து வேறு என்ன வரும் என்று எண்ணிப் பார்க்கவில்லை. பாட்டியையோ கேட்கவேயில்லை.

இல்லத்தில் குறை சொல்ல ஏதுமில்லை. மூன்று வேளை உணவு, தூய உடை, அடிப்பதில்லை. பொங்கல் விடுமுறைக்கு வந்தாள். மறுவாரம் பாட்டி பள்ளிக்கு வந்தார். வாயிலுக்கு வெளியே நின்றபடியே கேட்டார்: “அந்தக் கடுதாசியில என்னா சார் எழுதுனீங்க? நாங்க சோறு போடலன்னா எழுதுனீங்க?” நான் விடை சொல்லவில்லை. “எம் பொண்ணு பெத்தது சார். எங்கிட்ட வந்தா மூக்கப் பொத்திக்குது. எறா நாத்தம் அடிக்குதாம்.”

இதற்குச் சில மாதங்கள் கழித்துத்தான் டோரிசின் நூல் என் கைக்கு வந்தது. அதிலிருந்த கடிதங்களைப் படித்தேன். நலன் கருதி... பராமரிப்பின்றி... பொருத்தமான சூழலில்... அவை நெவிலின் சொற்களா, என் சொற்களா? நூலின் பக்கங்களுக்கிடையே என் கையொப்பத்தைக் கண்டேன் என்றேனே, அது இதுதான்.

‘இது வெள்ளைக்காரன் நாட்டு நோய், இங்கே அத்தகைய சட்டம் ஏது?’ என்று கேட்போர்க்கு வரலாறு விடை சொல்லும். இங்கே இருந்தது! 1871-இல் பிறந்து, 1911-இல் சென்னை மாகாணத்தின் மேலும் பாய்ந்த குற்றப் பரம்பரைச் சட்டம், கைரேகைச் சட்டம் என்றே நம் மக்களால் அறியப்பட்டது. பெருங்காமநல்லூரில் 1920 ஏப்ரல் 3 அன்று அதனை எதிர்த்து நின்றோர் துப்பாக்கிக்கு இரையானதை நாம் நினைவுகூர்கிறோம். ஆனால் அதே சட்டத்தில் இன்னொரு பிரிவு இருந்ததை எத்தனை பேர் நினைவுகூர்கிறோம்? ‘குற்றப் பரம்பரை’ என்று குறிக்கப்பட்ட மக்களின் குழந்தைகளுள், ஆறு வயதுக்கு மேல் பதினெட்டு வயதுக்குட்பட்டோரைப் பெற்றோரிடமிருந்து பிரித்துச் சீர்திருத்தப் பள்ளிகளில் வைக்கலாம் என்றது அப்பிரிவு. குற்றம் செய்த குழந்தையை அன்று. குற்றம் செய்யக்கூடும் என்று ஆட்சியாளர் கருதிய குடியில் பிறந்த குழந்தையை!

அன்றைய சென்னை மாகாணத்தில், இன்றைய ஆந்திரத்தின் பாபட்லா அருகே, 1913-இல் ஸ்டூவர்ட்புரம் என்னும் குடியிருப்பு எழுந்தது. சால்வேஷன் ஆர்மி என்னும் கிறித்தவ அமைப்பு அதனை நடத்திற்று. எருகுலர் என்னும் மக்கள் அங்கே வைக்கப்பட்டனர். சீர்திருத்தம் என்பதே அங்கும் முழக்கம். வரலாற்றாசிரியர் மீனா ராதாகிருஷ்ணா 2001-இல் வெளியிட்ட நூலில் இம்மக்களின் கதையை ஆவணங்களைக் கொண்டு விரித்துரைக்கிறார். கல்லூரியில் மூன்றாண்டு வரலாறு பயின்றவன் நான். ஆஸ்திரேலியப் பெண்மணி ஒருவர் வந்து என் மாகாணத்தின் சட்டத்தைத் தேடவைக்க வேண்டியிருந்தது என்பது எனக்குப் பெருமை தருவதன்று. சென்னை மாகாணம் 1947-இல் அச்சட்டத்தை நீக்கியது. நாடு முழுவதும் 1952-இல் நீங்கியது.

சட்டம் நீங்கிற்று; சிந்தனை நீங்கிற்றோ? 2010-ஆம் ஆண்டில், மணிப்பூர், அசாம் மாநிலங்களின் சிறுவர் சிறுமியர் தமிழகத்தின் தனியார் இல்லங்களில் இருப்பது வெளிப்பட்டது. நல்ல கல்வி கிடைக்கும் என்று சொல்லிப் பெற்றோரிடமிருந்து பெற்று வரப்பட்டவர்கள். அவ்வாண்டு செப்டம்பரில், அவ்விரு மாநிலங்களிலிருந்தும் பன்னிரண்டு வயதுக்குட்பட்ட குழந்தைகளைப் படிப்பின் பெயரால் வெளிமாநிலங்களுக்கு அனுப்பலாகாது என்று உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது. தமிழக அனாதை இல்லங்களில் குழந்தைகள் சுரண்டப்படுவது பற்றி 2007-இல் தொடங்கிய வழக்கில் பிறந்த ஆணை அது. அதே வழக்கில் 2017 மே மாதம் வந்த தீர்ப்பு, இல்லங்கள் யாவும் பதிவு செய்யப்பட வேண்டும், ஒவ்வொரு குழந்தைக்கும் தனித்தனிப் பராமரிப்புத் திட்டம் வேண்டும் என்றது. இல்லத்தில் அடைப்பதே வழி என்ற போக்கை மாற்றவும் அத்தீர்ப்பு வழிகூறிற்று.

இன்றைய சட்டம் என்ன சொல்கிறது? 2015-ஆம் ஆண்டு இளைஞர் நீதிச் சட்டத்தைப் படித்துப் பார்த்தேன். நல்ல சட்டம். நிறுவனப் பராமரிப்பு என்பது வேறு வழியே இல்லாதபோது, தக்க விசாரணைக்குப் பின்னர், கடைசியாக எடுக்கப்பட வேண்டிய நடவடிக்கை என்று அதன் மூன்றாம் பிரிவு அடிப்படைக் கொள்கையாக வகுத்திருக்கிறது. ஆனால் அதற்கு முந்திய பிரிவில், பராமரிப்பும் பாதுகாப்பும் தேவைப்படும் குழந்தை யார் என்ற விளக்கத்தின் தொடக்கத்திலேயே, வீடோ நிலையான தங்குமிடமோ இன்றியும் வெளிப்படையான பிழைப்பு வழி இன்றியும் காணப்படும் குழந்தை என்று வருகிறது. பட்டா இல்லாத புறம்போக்குக் குடிசையில் வாழ்ந்து, பருவந்தோறும் சூளைக்குப் பெயரும் இருளர் குழந்தையை அந்த வரியின் முன் நிறுத்திப் பாருங்கள். பட்டா கொடுக்காதது யார்? நாம். பிழைப்பு வழியைச் சாம்பலில் மூழ்கடித்தது யார்? நாம். பிறகு, வீடில்லை, பிழைப்பில்லை, ஆகவே குழந்தையைக் கொடு என்று கேட்பதும் நாமேதானா? மூன்றாம் பிரிவை மறந்துவிட்டு அந்த வரியை மட்டும் கையிலெடுத்தால், முயல்வேலிக்கு ஈடான முள்வேலி ஒன்றை நாமும் நட்டுவிடுவோம்.

இவ்விடத்தில் நம் தோழர்கள் சிலர் சினம் கொள்வர் என்பதை அறிவேன். அவர்தம் வினாக்கள் மூன்று. மூன்றும் நேர்மையானவை.

முதல் வினா: “விடுதிகளை எதிர்க்கிறாயா? தாழ்த்தப்பட்ட, பிற்படுத்தப்பட்ட மாணவர் படித்து முன்னேறியது விடுதிகளால் அன்றோ?” ஆம், என் தந்தையே அரசு விடுதியில் தங்கிப் படித்தவர். விடுதியையும் உண்டு உறைவிடப் பள்ளியையும் நான் எதிர்க்கவில்லை. கேட்பது ஒன்றே: கதவின் திறவுகோல் யார் கையில் இருக்கிறது? என் பாட்டனார் மகனைத் தாமே கொண்டுபோய் விட்டார்; வேண்டியபோது போய்ப் பார்த்தார்; விருப்பமில்லையெனில் அழைத்து வந்திருப்பார். அது விடுதி. பெற்றவர் பார்க்க அனுமதி வேண்டும், அழைத்துவர ஆணை வேண்டும், ஏன் சேர்த்தார்கள் என்பதே தெரியாது என்றால், சுவரில் எவ்வளவு வண்ணம் பூசினாலும் அது மூர் ஆறுதான்.

இரண்டாம் வினா கூர்மையானது: “பிள்ளை பாட்டியோடு இறால் பிடிக்கட்டும் என்கிறாயே, இது குலக்கல்வித் திட்டம் அன்றோ?” 1953-இல் அரைநாள் பள்ளி, அரைநாள் தகப்பன் தொழில் என்று வந்த திட்டத்தை எதிர்த்து நம் முன்னோர் போராடினர், 1954-இல் அது கைவிடப்பட்டது. அதனை மறந்தவன் அல்லேன். தகப்பன் தொழிலே உனக்கு விதி என்பது குலக்கல்வி. தகப்பனே உனக்கு இழிவு என்பது மூர் ஆற்றுக் கல்வி. முன்னது பிள்ளையைப் பிறப்போடு கட்டிப்போடுகிறது. பின்னது பிறப்பிற்காகத் தண்டிக்கிறது. இரண்டும் பிள்ளையைப் பார்ப்பதில்லை. பிறப்பை மட்டுமே பார்க்கின்றன. நாம் வேண்டுவது, முழுநாளும் பள்ளி, மாலையில் பாட்டி. பிறகு அவள் மருத்துவராகட்டும், பொறியாளராகட்டும், விரும்பினால் இறாலையே ஆராயட்டும்! இருளர் அறிவு இழிந்ததா என்ன? 1978-இல் தொடங்கப்பட்ட இருளர் பாம்புபிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் எடுத்துத் தரும் நஞ்சிலிருந்துதான் பாம்புக்கடி மருந்து பிறக்கிறது. அச்சங்கத்தைச் சேர்ந்த மாசி சடையன், வடிவேல் கோபால் ஆகிய இருவருக்கும் 2023-இல் பத்மஸ்ரீ விருது அளிக்கப்பட்டது. நாடு விருது கொடுக்கும் அறிவைப் பிள்ளை மூக்கைப் பொத்திக்கொண்டு பார்க்குமாறு வளர்ப்பது எந்தப் பகுத்தறிவு?

மூன்றாம் வினா: “பெற்றோர் கொடியவராயின்?” ஆயின் தயங்கக்கூடாது. பெற்றோர் என்பதாலேயே எவரும் தெய்வமாகிவிடார். தாய்மையைப் பூசைக்குரியதாக்குவது நம் வேலையன்று. அடித்துத் துன்புறுத்தப்படும் குழந்தை, சிறுவயதில் மணம் பேசப்படும் குழந்தை, விற்கப்படும் குழந்தை ஆகியோருக்கு அரசு உடனே அடைக்கலம் தந்தாக வேண்டும். ஆனால் வறுமை கொடுமை ஆகாது. பணம், பொருள் இல்லாமை ஒன்றையே காரணமாகக் காட்டிக் குழந்தையைக் குடும்பத்திலிருந்து பிரிக்கலாகாது என்று ஐக்கிய நாடுகள் அவை 2009-இல் வழிகாட்டு நெறி வகுத்தது. குழந்தை சூளையில் கல் சுமந்தால், முன்பணம் கொடுத்துக் குடும்பத்தையே கட்டிவைத்தவன்மீது பாய 1976-ஆம் ஆண்டுக் கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் இருக்கிறது. அக்குழந்தையை மீட்க வேண்டியது முதலாளியிடமிருந்து, தாயிடமிருந்து அன்று.

‘அப்படியாயின் செய்யத்தக்கது யாது?’ எனின், வழிகள் கையருகே உள்ளன. காலைப் பட்டினிதான் காரணமெனில், 2022-இல் தொடங்கிய காலை உணவுத் திட்டம் பள்ளியிலேயே சோறிடுகிறது. சோற்றுக்காகப் பிள்ளை வீட்டைத் துறக்க வேண்டியதில்லை. கைம்பெண் தாய்க்கும் பேரப்பிள்ளையை வளர்க்கும் பாட்டிக்கும் உதவ, மாதம் 4,000 ரூபாய் நிதி ஆதரவு தரும் ஏற்பாடு மிஷன் வாத்சல்யா திட்டத்தில் இருக்கிறது. தகுதியுள்ளவர்க்கு அதற்கு மனு எழுதுவது, இல்லத்திற்குக் கடிதம் எழுதுவதைவிட நீண்ட வேலையன்று. கோட்டாட்சியரிடம் சாதிச் சான்று வாங்கித் தரலாம். பட்டா கேட்டு மனுக் கொடுக்கலாம். பெற்றோர் பெயரும் பருவத்தில், அவர்கள் சென்ற இடத்திற்கு அருகிலுள்ள பள்ளிக்குத் தொலைபேசியில் சொல்லிச் சேர்க்கலாம். அமெரிக்காவில் 1978-இல் வந்த சட்டம், பழங்குடிக் குழந்தைக்கு வேறிடம் தேட நேர்ந்தால் முதலில் சுற்றத்தாரிடம், பிறகு அக்குடியினரிடம் தேடு என்றது. 2023-இல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் அச்சட்டத்தை நிலைநிறுத்திற்று. சுற்றத்தாரைக் கேள் என்று சொல்ல நமக்குச் சட்டமா வேண்டும்? பாட்டி வாயிற்படியில் நின்றுகொண்டிருந்தாரே!

என் கடிதத்தின் கதையை முடித்துவிடுகிறேன். உரிய அலுவலர்களுக்கு இரண்டாவது கடிதம் எழுதினேன்: முதற்கடிதத்தை விசாரணையின்றி எழுதினேன், பாட்டி வளர்க்கிறார், அவரைக் கேளுங்கள் என்று. எழுதிய பிறகு குடிசைக்குச் சென்று பாட்டியின் முன் அதனை உரக்கப் படித்தேன். ஓரிடத்தில் நிறுத்தச் சொன்னார். “கஷ்டப்பட்டு வளக்கறாங்கன்னு போடாதீங்க சார். வளக்கறாங்கன்னு போடுங்க. போதும்.” அந்தச் சொல்லை அடித்தேன். ஜூன் மாதம் சிறுமி திரும்பி வந்தாள். இப்போது ஐந்தாம் வகுப்பு. கணக்கில் இன்னும் சுட்டி. ஆயினும், வீடு எங்கே என்று எவரேனும் கேட்டால் தலையைக் குனிந்துகொள்கிறாள். அந்தக் குனிவை நிமிர்த்த எந்த அலுவலகத்திற்கு மனுப் போடுவதென்று எனக்குத் தெரியவில்லை. வகுப்பறையில் நாள்தோறும் செய்யவேண்டிய வேலை அது.

தோழர்களே! டோரிசின் நூலைப் படியுங்கள். படத்தையும் பாருங்கள், ஆனால் நூலைப் படியுங்கள். உங்களுள் பலர் நாளை ஆசிரியராவீர், அலுவலராவீர், தொண்டு நிறுவனங்களில் பணிபுரிவீர். ஏழைக் குழந்தை ஒன்றைப் பற்றிக் கடிதம் எழுதுமாறு ஒருநாள் உங்களிடம் கேட்பர். எழுதுங்கள். எழுதி முடித்ததும், அதனை அக்குழந்தையை வளர்ப்பவரின் முன் அமர்ந்து, அவருக்கு விளங்கும் தமிழில், உரக்கப் படித்துக் காட்டுங்கள். படிக்க நா எழவில்லையெனில், கையொப்பமிடாதீர்கள்.